இசபெல் வெட்டாமல் விட்ட ஓர் எண்

தலவாக்கலை பஸ் நிலையத்துக்கு எதிரே, புடைவைக் கடைக்கு மேல்மாடியில் இருக்கும் றொனால்டின் ஸ்டூடியோவில் பதினாறு வருடமாக வேலை செய்கிறாள் இசபெல். அவள் படம் பிடிப்பவள் அல்ல. மற்றவர்கள் பிடித்துக்கொண்டு வந்து கொட்டுவதை வெட்டி, ஒட்டி, மனிதர் உட்கார்ந்து பார்க்கத் தக்கதாக ஆக்கித் தருபவள். எடிட்டர் என்று சொன்னால் எங்கள் ஊரில் பாதிப் பேருக்கு விளங்காது. 'கம்பியூட்டர் பிள்ளை' என்பார்கள். முப்பத்தாறு வயதிலும் பிள்ளைதான்.

அவளைப் பற்றி எழுத எனக்கு நெடுநாள் ஆசை, அதைவிடப் பெரிய பயம். இதில் ஒரு தோட்டம் வருகிறது, அதன் பெயரைச் சொல்லமாட்டேன். ஒரு பெண் வருகிறார், அவர் பெயரையும் சொல்லமாட்டேன். ஓர் எண் வருகிறது, அதையும் மாற்றித்தான் எழுதுகிறேன். துருவிப் பார்த்துக் கண்டுபிடிக்கலாம் என்று யாராவது உட்கார்ந்தால் அது வீண் வேலை. நான் லோரன்ஸ், தமிழ் வாத்தியார். பயந்த வாத்தியார் என்று என் மாணவர்களே சொல்லுவார்கள்.

இசபெல் பிறந்தது அக்கரப்பத்தனைப் பக்கத்துத் தேயிலைத் தோட்டமொன்றின் லயத்தில், தொழிலாளரின் வரிசை வீட்டில். அம்மா கேத்ரின் கொழுந்து எடுத்தவர். இசபெல் உயர்தரப் பரீட்சை எழுதிவிட்டு, றொனால்டிடம் பில் எழுதுகிற வேலைக்கு வந்து சேர்ந்தாள். அப்போது அங்கே எடிட்டிங் செய்துகொண்டிருந்தவர் ஒருநாள் சொல்லாமல் கொள்ளாமல் கட்டாருக்குப் போய்விட்டார். ஏழு கல்யாண வீடியோக்கள் பாதியில் நின்றன. பெண் வீட்டார் படியேறி வந்து கத்தத் தொடங்கினார்கள். றொனால்ட் தலையில் கை வைத்து உட்கார்ந்திருந்தபோது, "நான் பாத்துக்கிட்டுத்தான் இருந்தேங்க, கொஞ்சம் தெரியும்" என்றாள் இவள். அப்படித் தொடங்கியது.

முதல் வருடமே சூடு பட்டாள். வட்டகொடையில் நடந்த ஒரு கல்யாணத்தில், பெண்ணின் மாமா பந்தியில் பாயசத்தை ஒரு வாய் வைத்துவிட்டு முகத்தைச் சுளித்தார். மூன்று விநாடி. அதை அவள் வெட்டவில்லை. மாப்பிள்ளை வீட்டில் எல்லோரும் உட்கார்ந்து வீடியோ பார்த்தபோது பாயசம் வைத்தவரான மாப்பிள்ளையின் பெரியம்மா அதைக் கண்டுவிட்டார். இரண்டு குடும்பமும் ஒரு வருடம் பேசவில்லை. மூன்று விநாடிக்கு ஒரு வருடம்.

அன்றிலிருந்து அவளுக்குப் பயம் பிடித்தது. அந்தப் பயம்தான் அவளை நல்ல எடிட்டர் ஆக்கியது என்பது என் கட்சி. எதையும் இரண்டு தடவை பார்ப்பாள். ஒருமுறை சத்தத்தோடு, ஒருமுறை சத்தத்தை மூடிவிட்டுப் படத்தை மட்டும். சத்தம் இல்லாமல் பார்த்தால்தான் ஓரத்தில் நிற்கிறவர்களின் முகம் தெரியுமாம். வெட்டி எறிந்ததையும் அழிக்கமாட்டாள், எல்லாவற்றையும் ஒரு பெட்டியில் பூட்டி வைத்திருப்பாள். கல்யாணம் முடிந்த மறுவாரம் ஒரு பெண்ணின் அப்பா இறந்துபோனதும், வெட்டி எறிந்ததிலிருந்து அந்த மனிதர் தெரிகிற நாற்பத்தொரு விநாடியைப் பொறுக்கிக் கொடுத்தவள் அவள்.

"நீ ஒரு பயந்தாங்கொள்ளி" என்று நான் கேலி செய்வேன்.

"பயம் இருந்தாத்தான் சேர் இந்த வேலை" என்பாள்.

படத்தை மூடிவிட்டுச் சத்தத்தை மட்டும் கேட்கும் பழக்கம் மட்டும் அவளுக்கு அப்போது இருக்கவில்லை.

போன வருடம் ஹட்டனிலிருந்து வினோதா என்ற பெண் ஒரு வேலை கொண்டுவந்தாள். தோட்டத்துப் பெண்களின் வேலையில் இருக்கும் ஆபத்துகளைப் பற்றி இருபத்தேழு நிமிடப் படம். ஐந்து தோட்டங்களில், நிர்வாகத்திடம் அனுமதி வாங்கி, கொழுந்து எடுப்பதையும் எடை போடுவதையும் பிடித்திருந்தாள். இடையே வரும் விளக்கத்துக்குத் தமிழ் எழுதிக் கொடுக்க என்னைக் கூப்பிட்டார்கள். நானும் இசபெலும் ஆறு வாரம் அந்த மேல்மாடியில் ஒரே மேசையில் இருந்தோம்.

படத்தின் உயிர் ஒரு பெண்ணின் பேச்சு. அதை மட்டும் வினோதா யாருக்கும் தெரியாமல், தலவாக்கலையில் ஒரு வீட்டு அறையில் வைத்துப் பதிவு செய்திருந்தாள். அந்தப் பெண்ணின் தோட்டத்தில் குளவி கொட்டி ஒரு பெண் இறந்துபோயிருந்தார். விசாரணை வந்தபோது, குளவிக்கூடு இருப்பதை யாரும் தன்னிடம் சொல்லவில்லை என்று கண்டாக்கு எழுதிக் கொடுத்துவிட்டார். கண்டாக்கு என்றால் மலையில் எங்களை வேலை வாங்கும் உத்தியோகத்தர். ஆனால் அந்தச் சாவுக்கு முதல்நாள் காலையில் நாற்பது பெண்கள் நின்ற இடத்தில் அவரிடம் அதைச் சொன்னார்கள். "கூடு இருந்தா என்னா, பாத்து எடுங்க" என்றார் அவர். நாற்பது பேர் காதிலும் அது விழுந்தது. விசாரணையில் நாற்பது பேரும் வாயைத் திறக்கவில்லை. அந்த நாற்பதில் ஒருவர்தான் வினோதாவிடம் பேசினார்.

அவர் யார் என்று தெரிந்தால் என்ன நடக்கும் என்பதை அவரே சொல்லியிருந்தார். கணவர் கால் உடைந்து வீட்டோடு கிடக்கிறார். இவருக்கு வேலை போனால் குடியிருக்கும் லயத்துக் காம்பராவும் போகும். ஆகவே முகம் வேண்டாம், குரலும் தன் குரலாக வேண்டாம் என்றார்.

இசபெல் அதைத் தன் பிள்ளையைப் போலப் பொத்திப் பொத்திச் செய்தாள். குரலைத் தடிப்பாக்கி, இழுத்து, வேறொருவர் குரலாக மாற்றினாள். அவர் பேசும்போது திரையில் இரண்டு கைகள் கொழுந்து எடுக்கும். அந்தக் கைகள்கூட இறம்பொடைப் பக்கத்துத் தோட்டமொன்றில் எடுத்த வேறொரு பெண்ணுடையவை. பேசியவரையும் மலையில் மற்றவர்களோடு படம் பிடித்திருந்தார்கள், அதில் அவருடைய கொழுந்துப் பை தெரிகிற ஒரு நல்ல காட்சி இருந்தது. பையில் வெள்ளைப் பெயிண்டால் அவருடைய எண் எழுதியிருந்ததால் அதையும் தூக்கி எறிந்தாள். நான் மூன்று தடவை முழுப் படத்தையும் பார்த்தேன். நாமே தேடினாலும் கண்டுபிடிக்க முடியாது என்று பெருமையாகச் சொன்னேன்.

ஹட்டனில் ஒரு மண்டபத்தில் சனிக்கிழமை பின்னேரம் மூன்று மணிக்குப் படத்தைக் காட்டுவதாக ஏற்பாடு. ஐந்து தோட்டத்தையும் நடத்தும் துரைமார், உத்தியோகத்தர்கள், தொழிலாளர்கள் எல்லோருக்கும் அழைப்பு. நானும் இசபெலும் ஒரு மணி பஸ்ஸில் போவதாக இருந்தோம். பதினோரு மணிக்கே நல்ல சேர்ட் போட்டுக்கொண்டு போய் ஸ்டூடியோவில் உட்கார்ந்துவிட்டேன்.

அப்போது ஒரு அம்மா பாஸ்போட் படம் வாங்க வந்தார். றொனால்ட் பெட்டியைத் திறந்து, "நம்பர் சொல்லுங்கம்மா" என்றார்.

"எழுபத்தி ரெண்டுங்க."

றொனால்ட் தேடினார். எழுபத்திரண்டில் ஒரு குழந்தையின் படம் இருந்தது. "பில்லக் குடுங்க பாப்போம்" என்று வாங்கிப் பார்த்தார். அதில் நானூற்றுப் பதின்மூன்று.

"அய்யோ, நான் என் செக்ரோல் நம்பரச் சொல்லிட்டேன்!" என்று அந்த அம்மா வாயில் கை வைத்துச் சிரித்தார். நாங்கள் எல்லோரும் சிரித்தோம்.

தெரியாதவர்களுக்குச் சொல்ல வேண்டும். தோட்டத்தில் ஒரு நாள் வேலைக்கு நாங்கள் சொல்லும் சொல் 'பேர்'. வேலைக்குப் போனால் பேர் விழும். பாதியில் திரும்பினால் அரைப்பேர். செக்ரோல் என்ற புத்தகத்தில் ஒவ்வொருவருக்கும் ஓர் எண் உண்டு, அந்த எண்ணுக்கு நேரே பேர் போடுவார்கள். காலையில் பெரட்டுக்களத்தில் ஆள் கூட்டும்போதும், பிறகு கொழுந்து எடை போடும்போதும் கங்காணி அந்த எண்ணைத்தான் கூப்பிடுவார். கூப்பிட்டதும் 'இருக்கேங்க' என்று சத்தம் கொடுக்க வேண்டும், எடை போடும்போது அதன் பிறகு கிலோவைச் சொல்வார். முப்பது வருடம் அப்படிச் சத்தம் கொடுத்தவரிடம் நம்பர் என்று கேட்டால் வேறு எந்த நம்பர் வாயில் வரும்?

இசபெலும் சிரித்துக்கொண்டிருந்தாள். பிறகு அவள் சிரிப்பு நின்றது. எழுந்து கம்பியூட்டரிடம் போனாள். படத்தின் பத்தொன்பதாவது நிமிடத்தைத் திறந்து, திரையை அணைத்துவிட்டு, கண்ணை மூடிக்கொண்டு கேட்டாள். நானும் கேட்டேன்.

காற்று. தராசுச் சங்கிலியின் கிலுக்கம். ஒரு கங்காணியின் குரல்: "நூத்தி ஒம்பது... பதினாறு." ஒரு நாய் குரைக்கிறது. "நூத்திப் பதினேழு..." உடனே அந்த மாற்றிய குரல் பேசத் தொடங்குகிறது: "நாங்க மொத நாளே சொன்னோம்."

"இன்னொரு தடவை போடு" என்றேன்.

மூன்று தடவை பார்த்திருந்தும் அது எங்கள் காதில் விழவில்லை. கொழும்பிலிருந்து யாராவது வந்து எடிட் செய்திருந்தால், யாரோ நம்பர் கூப்பிடுகிறார்கள், இது என்ன என்று முதல் தடவையே கேட்டிருப்பார். இசபெலும் நானும் கேட்காததற்குக் காரணம், அதைக் கேட்டுக் கேட்டே வளர்ந்தவர்கள் நாங்கள். அம்மாவுக்கு உணவு கொண்டுபோய்க் கொடுத்த நாட்களிலிருந்து எங்களுக்கு அது மழைச் சத்தம் போல.

"அது எங்கருந்து எடுத்த சத்தம்?" என்று கேட்டேன்.

"பேசுன அந்தக்கா சட்டையிலயும் மைக் மாட்டி மலையில வேலை செய்யிறத எடுத்தாங்கல்ல சேர், அது. சுத்தமா இருந்துச்சுன்னு போட்டேன். அவங்க 'இருக்கேங்க'ன்னு சொன்னத மட்டும் வெட்டிட்டேன், அவங்க குரலாச்சேன்னு." அவள் திரையைத் திரும்பப் போட்டாள். "நம்பர் கூப்புட்ட ஒடனே அவங்க பேச்சு வந்தா நல்லா ஒக்காந்துச்சு சேர். ஏன் நல்லா ஒக்காந்துச்சுன்னு நான் யோசிக்கல."

அது அவருடைய எண்தானா என்று யாரிடமும் கேட்க முடியாது. இசபெல் எறிந்து வைத்திருந்த பெட்டியைத் திறந்தாள். அந்தக் கொழுந்துப் பைக் காட்சி அங்கே இருந்தது. வெள்ளைப் பெயிண்டில், கொட்டை எழுத்தில், 117. கண்ணுக்குத் தெரிந்ததை எறிந்துவிட்டு அதையே காதுக்குக் கொடுத்திருந்தாள்.

கங்காணி கூப்பிடுகிறார், அழைக்கப்பட்டவர் பேசுகிறார். நாற்பது பேரில் யார் என்று கண்டாக்கு மண்டையைக் குழப்ப வேண்டியதே இல்லை. நாங்களே கூப்பிட்டுக் காட்டியிருக்கிறோம்.

வினோதாவுக்குப் போன் எடுத்தோம். மணி அடித்தது, எடுக்கவில்லை. பிறகு மணியும் அடிக்கவில்லை. இசபெல் இரண்டாவது எண்ணின் மேல் ஒரு லொறி ஹோன் சத்தத்தைக் கொண்டுவந்து போட்டாள். "நூத்தி ஒம்பதையும் எடுத்துரு" என்றேன்.

"வேணாம் சேர். ரொம்ப வெட்டுனா வெட்டுன எடம் தெரியும்."

அதற்கு ஒரு நிமிடம்தான் ஆனது. திருத்திய படத்தை முழுதாக வெளியே எடுக்க அந்தக் கிழட்டுக் கம்பியூட்டருக்கு ஒரு மணி நேரத்துக்கும் மேல் ஆனது. இசபெல் திரையைப் பார்த்துக்கொண்டே ஜெபம் சொன்னாள். நான் மின்சாரம் போய்விடக்கூடாது என்று பல்பைப் பார்த்துக்கொண்டு நின்றேன். ஒரு மணி பஸ் கீழே ஹோன் அடித்துவிட்டுப் போனது. ஒன்று நாற்பதுக்கு பென்டிரைவைக் கழற்றினோம்.

அடுத்த பஸ்ஸில் நின்றுகொண்டு போனோம். டெவன் பக்கம் வந்தபோது பனி இறங்கிவிட்டது. முன்னால் ஒரு தேயிலை லொறி வளைவில் மாட்டிக்கொண்டு, இரண்டு பக்கமும் வாகனங்கள் நின்றன. இசபெல் பென்டிரைவை வலது கையில் இறுக்கிப் பிடித்திருந்தாள். இடது கையால் வினோதாவுக்கு எடுத்துக்கொண்டே இருந்தாள்.

"அந்தக்கா என்னைய நம்பித்தான சேர் பேசுனாங்க. என்னையப் பாத்ததுகூட இல்ல."

"மூன்று மணிக்கு என்றால் நாலரைக்குத்தான் தொடங்குவார்கள். எங்கள் ஆட்களைத் தெரியாதா?" என்றேன். எனக்கே நம்பிக்கை இல்லாமல் சொன்னேன்.

என் வாழ்க்கையில் ஹட்டனில் குறித்த நேரத்தில் தொடங்கிய ஒரே நிகழ்ச்சி அதுதான். துரை ஒருவருக்கு அவசரமாம், அதனால் வரவேற்புரையைக்கூட விட்டுவிட்டார்கள். நாங்கள் ஓடிப்போய்ச் சேர்ந்தபோது மண்டப விளக்குகள் அணைந்திருந்தன. திரையில் ஃபெக்டரிப் புகை. இசபெல் ஒரு நொடி பார்த்தாள்.

"பதினேழாவது நிமிஷம். ரெண்டு நிமிஷம் இருக்கு சேர்."

வாசல் வரைக்கும் ஆட்கள். படம் ஓடும் கம்பியூட்டர் இரண்டாவது வரிசைக்குப் பக்கத்தில் ஒரு மேசையில் இருந்தது. வினோதா இன்னும் முன்னால், துரைமார் பக்கத்தில், போனை எங்கோ வைத்துவிட்டுக் கை கட்டி உட்கார்ந்திருந்தாள். இரண்டாவது வரிசையில் அந்தத் தோட்டத்துக் கண்டாக்கு கணேசமூர்த்தி. இந்தப் பெயரும் நான் வைத்ததுதான். பின்வரிசைகளில் தோட்டத்துப் பெண்கள், நல்ல சேலை கட்டி, பிள்ளைகளை மடியில் வைத்துக்கொண்டு.

இசபெல் குனிந்துகொண்டு ஓரமாகப் போனாள். நான் வாசலிலேயே நின்றுவிட்டேன். கூடப் போகவில்லை. என் கால் வரவில்லை என்பதே உண்மை.

கதிரைகளுக்கும் சுவருக்கும் நடுவே ஆட்கள் நின்றார்கள். அவள் ஒவ்வொருவராக விலக்கிப் போவதைத் திரை வெளிச்சத்தில் கண்டேன். அட்டை கடிப்பது வந்தது. மலையில் வழுக்கி விழுவது வந்தது. அடுத்தது அதுதான். அவள் மேசையை எட்டிவிட்டாள். ஸ்பீக்கருக்குப் போகும் வயரில் கை வைத்தாள். கண்டாக்கு அவளிடமிருந்து ஒரு முழத் தூரத்தில் இருந்தார். இழு, இழு என்று நான் எனக்குள்ளே கத்தினேன்.

அவள் இழுக்கவில்லை.

திரையில் இரண்டு கைகள் வந்தன. காற்று. தராசுச் சங்கிலி. மண்டபம் முழுதும் நிறைந்த ஸ்பீக்கரில் கங்காணியின் குரல்:

"நூத்தி ஒம்பது..."

"இருக்கேங்க!"

பின்வரிசையில் இருந்து ஒரு பெண் குரல், பெரட்டுக்களத்தில் கேட்பது போலவே கணீரென்று. ஒரு நொடி யாருக்கும் விளங்கவில்லை. ஸ்பீக்கர் "பதினாறு" என்றது. பிறகு அதே குரல், "என்னா கங்காணியாரே, ஹட்டனுக்கு வந்தும் எட போடுறதா? பதினாறு இல்ல, பதினெட்டு இருந்துச்சு! ரெண்டு கிலோவ எங்க வெட்டுனீங்க?" என்றது.

மண்டபம் வெடித்தது. பெண்கள் கைதட்டிச் சிரித்தார்கள். யாரோ விசில் அடித்தார்கள். முன்வரிசையில் துரைகூடத் தோள் குலுங்கச் சிரித்தார். ஸ்பீக்கர் ஏதோ சொல்லிக்கொண்டிருந்தது. சிரிப்பு ஓய்ந்தபோது அந்த மாற்றிய குரல் பாதி வாக்கியத்தில் இருந்தது: "...சொன்னோம். கூடு இருந்தா என்னா, பாத்து எடுங்கன்னு சொன்னாங்க."

அத்தோடு சிரிப்பு அடியோடு நின்றது.

கண்டாக்கு மட்டும் முதலிலேயே சிரிக்கவில்லை. திரும்பிப் பின்வரிசையைப் பார்த்துக்கொண்டிருந்தார். ஒவ்வொரு முகமாக.

படம் முடிந்து விளக்குப் போட்டு, தேத்தண்ணி கொடுத்தார்கள். இசபெல் மேசைப் பக்கத்திலேயே நின்றாள். நான் அவளிடம் போய்ச் சேருமுன் கண்டாக்கு அவள் முன்னால் போய் நின்றுவிட்டார்.

"நீங்கதானா மிஸ் இத எடிட் பண்ணுனது? சத்தமெல்லாம் நல்லாப் போட்டிருக்கீங்க."

"ஆமாங்க."

"அந்த எட போடுற எடத்துல ரெண்டாவது ஒரு நம்பர் கூப்புட்ட மாதிரி இருந்துச்சு. சிரிப்புல சரியா வெளங்கல." அவர் தேத்தண்ணியை ஒரு வாய் குடித்தார். "படத்த இன்னொரு தடவை பாக்கக் கெடைக்குமா? ஒரு கொப்பி?"

இசபெல் அவரைப் பார்த்தாள். பிறகு வலது கையை நீட்டி விரித்தாள். தலவாக்கலையிலிருந்து இறுக்கிப் பிடித்து வந்த பென்டிரைவ் உள்ளங்கையில் அச்சுப் பதித்திருந்தது.

"இந்தாங்க. முழுப் படமும் இருக்கு."

அவர் எதிர்பார்க்கவில்லை. வாங்கிச் சேர்ட் பையில் போட்டுக்கொண்டு, தேங்க்ஸ் சொல்லிவிட்டுப் போனார். அவர் எத்தனை தடவை போட்டுக் கேட்டாலும் அந்த இடத்தில் ஒரு லொறிதான் ஹோன் அடிக்கும். இசபெல் வினோதாவை ஓரமாகக் கூட்டிப்போய், அவள் கம்பியூட்டரில் இருந்த பழையதை அங்கேயே அழிக்க வைத்தாள். எதையும் அழிக்காதவள் இசபெல்.

வெளியே வந்ததும் படிக்கட்டில் உட்கார்ந்து வாந்தி எடுத்தாள்.

"ஏன் வயரை இழுக்கவில்லை?" என்று கேட்டேன். கேட்டிருக்கக் கூடாது. வாசலோடு நின்றவன் கேட்கும் கேள்வியா அது?

"பயந்துட்டேன் சேர். இழுத்தா எல்லாரும் திரும்பிப் பாப்பாங்க, ஏன் இந்த எடத்துல இழுத்தான்னு கேப்பாங்கன்னு தோணுச்சு. பொறகு கையே வரல." வாயைத் துடைத்துக்கொண்டாள். "அந்த அம்மா சத்தம் போடலன்னா நான் அந்தக்காவக் கொன்னுருப்பேன்."

இதை எழுதும்போது ஏழு மாதம் ஆகிறது. அந்தப் பெண்ணுக்கு ஒன்றும் ஆகவில்லை, வேலைக்குப் போகிறார், பேர் விழுகிறது. இசபெல் இப்போது எந்தப் படத்தையும் மூன்று தடவை பார்க்கிறாள். மூன்றாவது தடவை திரையை அணைத்துவிட்டுக் கண்ணை மூடிக்கொள்வாள். கல்யாண வீடியோவுக்கும் அப்படித்தான். படியில் யாராவது வேகமாக ஏறி வந்தால் அவள் இன்னும் திடுக்கிடுகிறாள். நானும்தான்.

படம் காட்டிய அன்று அந்தி சாய, ஹட்டன் பஸ் நிலையத்தில் நின்றபோது ஒரு பெண் இன்னொரு பெண்ணைக் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு எங்களிடம் வந்தார். இழுத்துவந்தவருக்கு ஐம்பத்தைந்துக்கு மேல் இருக்கும். அவரை அழகம்மா என்று வைத்துக்கொள்ளுங்கள். வாயைத் திறந்ததும் நூற்று ஒன்பது என்று தெரிந்துவிட்டது.

"நீதான் அந்தப் படம் செஞ்ச புள்ளையா?"

"ஆமாங்கம்மா. நீங்க மட்டும் அப்புடிச் சத்தம் போடலன்னா..." இசபெல் பாதியில் அழுதுவிட்டாள்.

அழகம்மா சுற்றுமுற்றும் பார்த்துவிட்டுக் குரலைத் தணித்தார். "வேணும்னு போட்டேன்னு நெனைக்காத தாயி. நம்பரக் கூப்புட்டாங்க, பழக்கத்துல வாயி கத்திருச்சு. கத்துன பொறகுதான் எனக்கு அடுத்து யாரு நிப்பான்னு நெனவு வந்துச்சு. அப்புறம்தான் அந்த ரெண்டு கிலோக் கதைய எடுத்து விட்டேன்."

"கண்டாக்கு உங்களையே பாத்துக்கிட்டு இருந்தாருங்கம்மா. உங்களுக்கு ஒன்னும்..."

"பாக்கட்டும். வர்ற மாசத்தோட எனக்கு வயசாச்சு, பேர வெட்டப் போறாங்க. இனி என்னையப் போட்டு என்னத்த வெட்டுறது?" என்று சிரித்தார். பிறகு தான் பிடித்திருந்த கையை உயர்த்திக் காட்டினார். "இவளத்தான் சமாளிக்க முடியல. அந்தச் சிரிப்புக்குள்ள இவ வாயத் தொறந்துட்டா. நான் இந்தக் கையால பொத்துனேன்."

அந்தப் பெண் அதுவரை தலை குனிந்து நின்றார். அவர் உதட்டின் மேல் ஒரு சிறு கீறல், அழகம்மாவின் வளையல் பட்டது. இசபெல் அவரைப் பார்த்தாள். ஆறு வாரம் அவர் குரலைத் துண்டு துண்டாக வெட்டி, இழுத்து, மாற்றியவள். ஆளை நேரில் பார்ப்பது அதுதான் முதல் தடவை.

"எதுக்குங்கக்கா வாயத் தொறந்தீங்க? தெரிஞ்சா என்னாகும்னு உங்களுக்குத் தெரியும்ல?"

அவர் சேலைத் தலைப்பால் உதட்டைத் துடைத்துக்கொண்டார். தன் சொந்தக் குரலில், மெதுவாகச் சொன்னார்:

"தெரியும்மா. ஆனா கூப்புட்டா இருக்கேன்னு சொல்லிறணும். சொல்லலன்னா அன்னைக்குப் பேரு இல்ல."